லிபுலேக் கணவாய் வழியாகக் கயிலை: விண்ணப்பம் முதல் தக்லாகோட் வரை முழு வழிகாட்டி

உத்தராகண்ட் மாநிலம் பித்தோராகர் மாவட்டத்தின் வடகிழக்கு மூலையில், இந்தியா, நேபாளம், திபெத் மூன்றும் நெருங்கி வரும் இடத்தில் இருக்கிறது லிபுலேக் கணவாய். உயரம் சுமார் 5,100 மீட்டர். யாத்திரைக்கான சில அட்டவணைகளில் 5,334 மீட்டர் என்றும் போட்டிருப்பார்கள். இந்தப் பக்கம் குமாவோனின் வியாஸ் பள்ளத்தாக்கு, அந்தப் பக்கம் திபெத்தின் புராங் பகுதி. புராங்கின் சந்தை ஊரான தக்லாகோட்டிலிருந்து மானசரோவருக்கும் கயிலைக்கும் வண்டியிலேயே போய்விடலாம். உப்பும் கம்பளியும் ஏற்றிய ஆடுகள் நூற்றாண்டுகளாக இறங்கி வந்த வழியும் இதுதான், யாத்திரிகர்கள் ஏறிப்போன வழியும் இதுதான். காலாபானி, லிபுலேக் பகுதியை நேபாளமும் உரிமை கோருவதால் இங்கே கெடுபிடி எப்போதும் உண்டு. எந்த ஆவணமும் சற்றும் பிசகக் கூடாது.

2020 மே மாதம் எல்லை ஊரான தார்ச்சுலாவிலிருந்து கணவாய்க்கு அருகே வரை சுமார் 80 கிலோமீட்டர் மலைச்சாலை திறக்கப்பட்டது. அதற்கு முன் பல நாள் நடந்து ஏறிய உயரத்தை இப்போது ஒரே பகலில் ஜீப்பில் தொட்டுவிடலாம். கால் வலி குறைந்தது உண்மை. ஆனால் மெல்லிய காற்றுக்கு உடம்பு பழக எத்தனை நாள் வேண்டுமோ அத்தனை நாள் இன்றும் வேண்டும். முன்பு அந்த நாட்களை நடை தானாகவே கொடுத்தது. இப்போது நாம்தான் கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது. இந்த வழியில் இன்று வரும் தொல்லைகளில் பெரும்பாலானவை இங்கிருந்துதான் தொடங்குகின்றன.

யார் போகலாம், யார் போக முடியாது

லிபுலேக் வழி யாத்திரையை இந்திய வெளியுறவு அமைச்சகம் மட்டுமே நடத்துகிறது. இந்தியக் குடியுரிமையும் இந்தியப் பாஸ்போர்ட்டும் கட்டாயம். ஓ.சி.ஐ. அட்டை வைத்திருக்கும் வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற இந்திய வம்சாவளியினர், இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் குடியுரிமை உள்ள தமிழர்கள் இதில் சேர முடியாது. அவர்கள் காத்மாண்டு வழியாகவோ, நேபாள்கஞ்ச், சிமிகோட், ஹில்சா வழியாகவோ தனியார் ஏற்பாட்டில்தான் போக வேண்டும்.

வயது 18 முதல் 70 வரை. பாஸ்போர்ட் அந்த ஆண்டு செப்டம்பர் 1 அன்று கணக்கிட்டால் இன்னும் ஆறு மாதமாவது செல்ல வேண்டும். உயரத்துக்கு ஏற்ற எடையைக் காட்டும் பி.எம்.ஐ. எண் 25 அல்லது அதற்குக் கீழ். இதைக் கிலோவில் தெரிந்துகொள்வது நல்லது: 155 செ.மீ. உயரத்துக்கு 60 கிலோ, 165 செ.மீ.க்கு 68 கிலோ, 175 செ.மீ.க்கு 76 கிலோ. டெல்லியில் எடை பார்க்கும்போது இரண்டு கிலோ கூட நின்றால் கெஞ்சிப் பயனில்லை. எடை குறைக்க வேண்டியவர்கள் விண்ணப்பம் போடும் முன்பே தொடங்க வேண்டும். கடைசி மாதத்தில் பட்டினி கிடந்து குறைப்பவர்கள் மலையில்தான் அதன் பலனை அனுபவிக்கிறார்கள்.

2025இல் யாத்திரை மறுபடி தொடங்கியபோது லிபுலேக் வழியாக 50 பேர் கொண்ட 5 குழுக்களும், சிக்கிமின் நாதுலா வழியாக 10 குழுக்களும் சென்றன. மொத்தம் 750 இடம். வந்த விண்ணப்பங்கள் 5,500க்கு மேல். தேர்வு கணினிக் குலுக்கலில் நடக்கிறது, சிபாரிசு எடுபடாது. லிபுலேக் வழிக்கு 22 நாளும் சுமார் 1.74 லட்சம் ரூபாயும், நாதுலா வழிக்கு 21 நாளும் சுமார் 2.83 லட்சம் ரூபாயும் ஆகும் என்று அமைச்சகம் அறிவித்தது. இது அந்த ஆண்டின் கணக்கு. அவ்வப்போது மாறும், வலைத்தளத்தில் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

விண்ணப்பமும் காகிதங்களும்

விண்ணப்பம் முழுக்க முழுக்க ஆன்லைனில்தான். வழக்கமாக ஏப்ரல், மே மாதங்களில் சில வாரங்களே திறந்திருக்கும். பாஸ்போர்ட்டில் உள்ள பெயரை எழுத்துக்கு எழுத்து அப்படியே போட வேண்டும். தமிழ்நாட்டுக்காரர்களுக்குச் சிக்கல் வருவது இங்கேதான். இன்ஷியலை விரித்துத் தகப்பனார் பெயராகப் பாஸ்போர்ட்டில் எழுதியிருப்பார்கள், ஆதாரில் வெறும் எழுத்தாக இருக்கும். எல்லையில் பார்ப்பது பாஸ்போர்ட்டை மட்டுமே. அதில் எப்படி இருக்கிறதோ, அதுவே எல்லாத் தாளிலும் இருக்கட்டும்.

குலுக்கலில் பெயர் வந்ததும் குறித்த தேதிக்குள் முன்பணம் கட்டி உறுதி செய்ய வேண்டும். இந்தியப் பகுதியின் தங்குமிடம், உணவு, வண்டி எல்லாம் குமாவோன் மண்டல் விகாஸ் நிகம் என்ற உத்தராகண்ட் அரசு நிறுவனத்தின் பொறுப்பு. முன்பணம் திரும்பி வராது என்று எண்ணிக்கொண்டே கட்டுங்கள்.

டெல்லிக்குக் கொண்டுபோக வேண்டியவை: அசல் பாஸ்போர்ட், பாஸ்போர்ட் அளவுப் படங்கள், நோட்டரி முன் முத்திரைத்தாளில் எழுதிய இழப்பீட்டுப் பத்திரம், அவசரத்தில் ஹெலிகாப்டரில் இறக்கினால் செலவை ஏற்பேன் என்ற உறுதிமொழி, சீனப் பகுதியில் உயிர் பிரிய நேர்ந்தால் உடலை அங்கேயே தகனம் செய்ய ஒப்புதல். கடைசித் தாளைப் பார்த்ததும் வீட்டில் எல்லோருக்கும் நெஞ்சு கனக்கும். மறைக்காமல் வீட்டாரை உட்கார வைத்துப் பேசிவிட்டுக் கையெழுத்துப் போடுவதே முறை. எல்லாத் தாளிலும் மூன்று நகல் எடுத்து, ஒரு தொகுதியை வீட்டில் கொடுத்துவிடுங்கள். சீன விசா குழு விசாவாக டெல்லியில் எடுக்கப்படும், தனியாக அலைய வேண்டியதில்லை.

திபெத் பகுதிக்கான கட்டணத்தை அமெரிக்க டாலர் நோட்டாகக் கட்டச் சொல்வார்கள். கிறுக்கல், மடிப்புக் கிழிசல், முத்திரை உள்ள நோட்டை வாங்க மாட்டார்கள். ஊரில் மாற்றும்போதே ஒவ்வொரு நோட்டாகப் பார்த்து வாங்குங்கள்.

நான்கு மாதப் பயிற்சி

வெள்ளியங்கிரி, சதுரகிரி, பர்வதமலை ஏறிப் பழகியவர்களுக்குக் கால் பலம் இருக்கும், படியில் இறங்கும் பதமும் தெரியும். அது பெரிய சொத்து. ஆனால் உயரத்துக்கான பழக்கம் தமிழ்நாட்டில் எங்கேயும் கிடைக்காது. நம் மாநிலத்தின் மிக உயரமான தொட்டபெட்டாவே 2,637 மீட்டர்தான். கணவாய்க்கு முன் இரண்டு இரவு தங்கும் குஞ்சிக்குப் போகும் வழியில் வரும் புதி கிராமம் அதைவிட உயரத்தில் இருக்கிறது. ஆகவே இங்கே தயாராவது இதயமும் தொடையும் மட்டும் என்று தெளிவாக இருங்கள்.

முதல் மாதம் தினமும் 4 கிலோமீட்டர் வேக நடை. இரண்டாம் மாதம் 6 கிலோமீட்டர், வாரத்தில் இரண்டு நாள் மாடிப்படி. மூன்றாம் மாதத்திலிருந்து 5 கிலோ பையை முதுகில் போட்டுக்கொண்டு படியேற்றம், வாரக் கடைசியில் 10 முதல் 12 கிலோமீட்டர் நடை. நான்காம் மாதம் ஏதாவது ஒரு மலைக்குப் போய், கயிலையில் போடப்போகும் அதே ஷூவோடு ஏறி இறங்குங்கள். கால் நகம் முன்பக்கம் இடித்தால் அது இறங்கும்போதுதான் தெரியும். புது ஷூவை டெல்லியில் பிரித்துப் போடுபவருக்குக் கொப்புளம் நிச்சயம். கிளம்புவதற்கு ஒரு வாரம் முன்னால் கடும் பயிற்சியை நிறுத்திவிடுங்கள்.

டெல்லி: முதல் வடிகட்டி

புறப்படும் முன் டெல்லியில் மூன்று நான்கு நாள் இருக்க வேண்டும். இதயம், நுரையீரல் சோதனைகள் அங்கே நடக்கும்: ரத்தம், சர்க்கரை, கிரியாட்டினின், மார்பு எக்ஸ்ரே, டிரெட்மில், மூச்சுத் திறன். பிறகு இந்தோ-திபெத் எல்லைக் காவல் படை மருத்துவர்கள் முடிவு சொல்வார்கள். சோதனை நாளன்றே சென்னையிலிருந்து ரயிலில் வந்து இறங்கித் தூக்கமில்லாமல் போய் நிற்காதீர்கள். குறைந்தது ஒரு நாள் முன்பே போய் ஓய்வெடுங்கள். டெல்லி ஜூன், ஜூலை வெயிலில் வயிற்றுப்போக்கு பிடித்துத் தேர்வு தவறியவர்கள் உண்டு. சாலையோர வெட்டுப் பழம், ஐஸ் போட்ட ஜூஸ் இரண்டையும் தொடாதீர்கள்.

ஊரிலேயே இதே சோதனைகளை இரண்டு மாதம் முன்பு செய்துகொள்வது புத்திசாலித்தனம். டிரெட்மில் சோதனையில் சந்தேகம் என்றால் இதய மருத்துவரைப் பார்க்க அவகாசம் கிடைக்கும். ரத்தக் கொதிப்பு மாத்திரை சாப்பிடுபவர்கள் மறைக்க நினைப்பது தவறு. மருந்தை நிறுத்திவிட்டுப் போவது அதைவிட ஆபத்து. டெல்லியில் மறைத்தாலும் குஞ்சியில் காட்டிக்கொடுத்துவிடும்.

குழுவுக்கு ஒரு தொடர்பு அலுவலரை அமைச்சகம் நியமிக்கும். எல்லோரும் எல்.ஓ. என்பார்கள். பாஸ்போர்ட், விசாப் பட்டியல், நேரம், தகராறு எல்லாம் அவர் பொறுப்பு. மலையில் அவர் சொல்வதே முடிவு.

மூட்டை

மொத்தம் 20 கிலோவுக்குள் அடக்குங்கள். பெரிய பை மட்டக்குதிரையிலோ வண்டி மேலோ போகும், மழையில் நனையும், கல்லில் உரசும். உள்ளே ஒவ்வொரு செட் துணியையும் தனித்தனிப் பாலித்தீன் உறையில் போட்டு, வெளியே கனத்த பிளாஸ்டிக் சாக்கில் கட்டி, மேலே பெயரும் குழு எண்ணும் பெரிதாக எழுதுங்கள். தோளில் மாட்டும் சிறு பை 4 கிலோவைத் தாண்டக் கூடாது. அதில் பாஸ்போர்ட், மருந்து, தண்ணீர், ரெயின்கோட், குல்லா, கையுறை, டார்ச், தின்பண்டம் இருக்கட்டும்.

உடையில் தடிமன் முக்கியமல்ல, அடுக்குதான் முக்கியம். உடம்போடு ஒட்டிய தெர்மல், அதன்மேல் ஃபிளீஸ் அல்லது கம்பளி ஸ்வெட்டர், அதன்மேல் காற்றும் தண்ணீரும் புகாத ஜாக்கெட். பருத்தி பனியன் வியர்வையைக் குடித்துக்கொண்டு காயாமல் குளிரை ஏற்றும், மேலே போகும் நாளில் வேண்டாம். கையுறை இரண்டு ஜோடி, கம்பளிச் சாக்ஸ் நான்கு ஜோடி, காதை மூடும் மங்கி குல்லா, புற ஊதாக் கதிரைத் தடுக்கும் கறுப்புக் கண்ணாடி. பனிமேல் வெயில் அடிக்கும்போது கண்ணாடி இல்லாமல் இரண்டு மணி நேரம் நடந்தால் இரவில் மணல் விழுந்ததுபோல் கண் எரியும். பவர் கண்ணாடி போடுபவர்கள் இரண்டாவது ஜோடி எடுத்துக்கொள்ளுங்கள்.

சாப்பாடு சைவமாக வழியெங்கும் கிடைக்கும். ஆனால் 4,000 மீட்டருக்கு மேல் பசியே போய்விடும், ரொட்டியும் பருப்பும் தொண்டையில் இறங்காது. அப்போது நம் ஊர் ருசி உண்மையிலேயே மருந்தாகிறது. புளிக்காய்ச்சல், பருப்புப் பொடி, நார்த்தங்காய் ஊறுகாய், கடலை மிட்டாய், பொரிவிளங்காய், இஞ்சி மரப்பா, சுக்குப் பொடி. எண்ணெயில் குழைத்ததைவிடப் பொடியாகவே கொண்டுபோங்கள். தேங்காய் எண்ணெய் குளிரில் கல்லாக உறைந்து பாட்டிலை விட்டு வராது. இன்னொன்று, 4,500 மீட்டருக்கு மேல் தண்ணீர் 85 டிகிரியிலேயே கொதித்துவிடும். அரிசி, பருப்பு திறந்த பாத்திரத்தில் எத்தனை நேரம் வைத்தாலும் வேகாது, பிரஷர் குக்கர் வேண்டும். வெந்நீர் ஊற்றிக் கலக்கும் பண்டங்களே கை கொடுக்கும்.

கொண்டுபோகக் கூடாதவை: தலாய் லாமா படமோ அவர் தொடர்பான புத்தகமோ, எல்லைக் கோடு போட்ட வரைபடங்கள், ட்ரோன், சாட்டிலைட் போன். தக்லாகோட் சோதனையில் ஒருவரிடம் இவை கிடைத்தாலும் குழு முழுவதும் மணிக்கணக்கில் நிற்க நேரும்.

தார்ச்சுலாவிலிருந்து குஞ்சி: கவனமாக இருக்க வேண்டிய நாள்

2025 முதல் இந்தியப் பகுதியின் போக்கு வழி டெல்லி, தனக்பூர், தார்ச்சுலா, குஞ்சி, நாபிதாங் என்று மாறியிருக்கிறது. தனக்பூரில் ஓர் இரவு, தார்ச்சுலாவில் ஓர் இரவு, குஞ்சியில் இரண்டு, நாபிதாங்கில் இரண்டு. திரும்பும்போது புதி, சௌகோரி, அல்மோரா வழி.

தார்ச்சுலா காளி ஆற்றங்கரை ஊர், உயரம் 940 மீட்டர் அளவில்தான். ஆற்றுக்கு அந்தக் கரை நேபாளம், நடுவே தொங்குபாலம். கொசுவும் புழுக்கமும் உண்டு. மறுநாள் மாலை நீங்கள் இருக்கப்போகும் குஞ்சி சுமார் 3,200 மீட்டர். ஒரே பகலில் 2,200 மீட்டருக்கு மேல் ஏறுகிறீர்கள். பழைய நடைப்பாதையில் சிர்க்கா, காலா, புதி என்று இரவு இரவாக ஏறிய உயரம் இது.

சாலை தவாகாட்டைத் தாண்டியதும் காளி ஆற்றின் செங்குத்துப் பாறையைக் குடைந்து போகிறது. மழைக்காலத்தில் கர்பாதார், நஜாங், மால்பா பகுதிகளில் கல்லும் சேறும் விழும். 1998 ஆகஸ்டில் மால்பாவில் நள்ளிரவில் மலை சரிந்து 60 யாத்திரிகர்கள் உட்பட 200க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். நடனக் கலைஞர் புரோதிமா பேடியும் அதில் ஒருவர். அதனால்தான் சாலை மூடினால் யாரும் அவசரப்படுவதில்லை, நீங்களும் ஓட்டுநரை நச்சரிக்காதீர்கள். சரிவுப் பகுதியை நடந்து கடக்கச் சொன்னால் பேச்சை நிறுத்தி, மேலே ஒரு கண் வைத்து, ஒருவர் பின் ஒருவராக இடைவெளி விட்டுப் போங்கள். படம் எடுக்க நிற்கும் இடமல்ல அது. ஊர் திரும்பும் டிக்கெட்டை எடுக்கும்போது கடைசியில் மூன்று நாள் சும்மா விட்டுவைப்பது நல்லது.

புதிக்கு மேலே சியாலேக் வளைவுகள் ஏறி முடிந்ததும் காட்சி மாறிவிடும். பூ மூடிய புல்வெளி, தேவதாரு, அப்பால் அபி மலையின் வெள்ளை. இங்கே காவல் சாவடியில் அனுமதிச் சீட்டைச் சரிபார்ப்பார்கள். அடுத்து வரும் கர்ப்யாங்கில் ஒரு நிமிடம் வீடுகளைப் பாருங்கள். செதுக்கு வேலை செய்த பெரிய மரக் கதவுகள், பல வீடுகள் சாய்ந்தபடி நிற்கும். ஊரே மெல்லப் புதையும் மண்ணில் இருக்கிறது. அந்தக் கதவுகளைச் செய்யக் காசு கொடுத்தது இந்தக் கணவாயில் நடந்த வணிகம்தான்.

குஞ்சியில் இரண்டு இரவு: என்ன செய்வது

வந்து இறங்கியதும் படுத்துவிடாதீர்கள், ஓடவும் வேண்டாம். மெதுவாக அரை மணி நேரம் நடந்துவிட்டு உட்காருங்கள். சிறுநீர் வெளிர் நிறத்தில் போகும் அளவுக்குத் தண்ணீர் குடித்தால் போதும், வலுக்கட்டாயமாக ஐந்தாறு லிட்டர் குடிப்பதால் ரத்தத்தில் உப்பு குறைந்து வேறு தொல்லை வரும். மது, புகை, தூக்க மாத்திரை மூன்றும் கூடாது. தூக்க மாத்திரை மூச்சை மேலும் மந்தமாக்கும். மறுநாள் பகலில் 200, 300 மீட்டர் உயரம் ஏறிப் பார்த்துவிட்டு இறங்கி வந்து தூங்குவது உடம்பைப் பழக்கும் சிறந்த வழி.

அசிட்டசோலமைடு, நம் ஊர் மருந்துக்கடையில் டயாமாக்ஸ். உயரம் ஏறுவதற்கு முதல் நாள் தொடங்கி காலை 125, இரவு 125 மில்லிகிராம் என்பது வழக்கமான தடுப்பு அளவு. இந்தப் பயணத்தில் தொடங்க வேண்டிய நாள் தார்ச்சுலாவுக்குப் போகும் நாள். குஞ்சியில் தலைவலி வந்த பிறகு யோசிப்பது தாமதம். விரல் நுனியில் சுரீர் என்று குத்தும், அடிக்கடி சிறுநீர் வரும், இவை பயப்பட வேண்டாதவை. சல்ஃபா மருந்து ஒவ்வாதவர்களும் சிறுநீரகத் தொந்தரவு உள்ளவர்களும் டாக்டரைக் கேட்காமல் தொடக் கூடாது. மற்றவர்களும் ஊரிலேயே இரண்டு நாள் சாப்பிட்டுப் பார்த்துவிடுவது நல்லது.

தலைவலியோடு வாந்தி உணர்வு, தலைசுற்றல், சோர்வு இவற்றில் ஒன்று சேர்ந்தால் அது உயர நோய்தான். வேறு காரணம் தேடாதீர்கள். அன்று மேலே போகக் கூடாது. உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினால், இருமலில் நுரை வந்தால், நுரையீரலில் நீர் கோக்கிறது என்று பொருள். இது பெரும்பாலும் புது உயரத்தின் இரண்டாம் இரவில் தலைகாட்டும். நடை தள்ளாடினால், பேச்சு குழறினால் மூளை வீங்குகிறது. இதற்கு எளிய சோதனை ஒன்று உண்டு: தரையில் கோடு போட்டு, ஒரு காலின் குதிகாலை மற்றக் காலின் விரல் நுனியில் தொட்டுத் தொட்டுப் பத்து அடி நடக்கச் சொல்லுங்கள். கோட்டை விட்டுச் சாய்ந்தால் இரவானாலும் மழையானாலும் கீழே இறக்க வேண்டும். ஆக்சிஜன் கொடுப்பது இறங்கும் வரை தாங்குவதற்குத்தான், இறக்கத்துக்கு ஈடாகாது.

பல்ஸ் ஆக்சிமீட்டரை வைத்துக்கொண்டு ஒருவரோடு ஒருவர் எண்ணை ஒப்பிட்டுக் கலங்குவது எல்லாக் குழுவிலும் நடக்கிறது. விரல் சில்லிட்டிருந்தால் எண் பொய் சொல்லும். கையைத் தேய்த்துச் சூடாக்கி, ஒரு நிமிடம் அசையாமல் வைத்துப் பாருங்கள். எண்ணைவிட அறிகுறி பெரிது.

குஞ்சியில்தான் இரண்டாவது மருத்துவச் சோதனை. எல்லைக் காவல் படை மருத்துவர் ரத்த அழுத்தம், நாடி, ஆக்சிஜன் பார்ப்பார். உயரத்தில் எல்லோருக்குமே அழுத்தம் கொஞ்சம் ஏறும். சோதனைக்கு ஒரு மணி நேரம் முன் டீ, காபி வேண்டாம், சிறுநீர் கழித்துவிட்டுப் பத்து நிமிடம் உட்கார்ந்து கையை நீட்டுங்கள். அப்படியும் அவர் திரும்பிப் போகச் சொன்னால் ஏற்றுக்கொள்ளுங்கள். மானசரோவர் கரையில் நெஞ்சு வலி வந்தால் இங்கே இருக்கும் மருத்துவர் அங்கே இல்லை.

காலாபானி, நாபிதாங்

குஞ்சியிலிருந்து காலாபானி வழியில் மரங்கள் குறைந்துகொண்டே வரும். காலாபானியில் காளி கோயில், அதன் அடியில் ஊறும் நீரையே காளி ஆற்றின் மூலமாக வணங்குகிறார்கள். இந்தியப் பக்கத்து வெளியேற்றப் பதிவு இந்த வட்டாரத்திலேயே முடிந்துவிடும். நாபிதாங் சுமார் 4,250 மீட்டர். எதிரே ஓம் பர்வதம். மேகம் விலகினால் கறுத்த பாறையில் பனி ஓங்கார வடிவில் படிந்திருப்பது தெரியும். காலை ஐந்தரை, ஆறு மணிக்கு வாய்ப்பு அதிகம், ஒன்பதுக்குள் மூடிக்கொள்ளும்.

இங்கே முதல் இரவு தூக்கம் வராது. கண் அயர்ந்ததும் மூச்சு நின்று, திடுக்கிட்டு எழுவீர்கள். பலருக்கும் நடப்பதுதான். தலையணையை உயர்த்திச் சாய்ந்தபடி படுங்கள், போர்வையால் முகத்தை முழுக்க மூடாதீர்கள். மூடிய அறையில் கரி அடுப்போ ஸ்டவ்வோ எரிய விட்டுத் தூங்குவது உயிருக்கே ஆபத்து. போன், பவர் பேங்க் இரண்டையும் ஸ்லீப்பிங் பேக்குக்குள் வைத்துக்கொள்ளுங்கள், குளிரில் பேட்டரி விடியற்காலைக்குள் இறங்கிவிடும்.

கணவாய் நாள்

விடியலுக்கு முன் கிளம்புவதற்குக் காரணம் இரண்டு. முற்பகல் தாண்டியதும் திபெத் பக்கமிருந்து காற்று எழும், நிற்க விடாது. வெயில் ஏற ஏறப் பனி இளகி, காலையில் கல் மாதிரி இருந்த இடத்தில் முழங்கால் வரை புதையும். மூன்றாவதாக ஒன்றும் உண்டு: கடிகாரம். சீன நேரம் நம்மைவிட இரண்டரை மணி நேரம் முந்தியது. நமக்குக் காலை ஏழு, அவர்களுக்கு ஒன்பதரை. அந்தப் பக்க அதிகாரிகள் குறித்த நேரத்துக்கு வந்து காத்திருப்பார்கள். ஒருவர் ஷூ லேஸ் தேடினால் ஐம்பது பேர் தாமதம்.

முந்தின இரவே உடுப்பை அடுக்கி வையுங்கள். கிளம்பும்போது லேசாகக் குளிர வேண்டும். அப்போதே கதகதப்பாக இருந்தால் கால் மணியில் வியர்த்து, நின்றதும் நடுங்குவீர்கள். கால் வயிறு கஞ்சியோ ஓட்ஸோ, பையில் கடலை மிட்டாய், பிளாஸ்கில் வெந்நீர். பிளாஸ்டிக் பாட்டில் தண்ணீர் மூடிப்பக்கம் முதலில் உறையும், தலைகீழாகச் சொருகி வைத்தால் குடிக்கலாம்.

வண்டி விடும் இடத்திலிருந்து மேலே ஏற்றம். கணவாய் உச்சியில் காற்றின் அழுத்தம் கடலோரத்தில் இருப்பதில் பாதிக்குச் சற்று மேல், அவ்வளவுதான். நடைக்கு ஒரு முறை உண்டு. பின்காலை நேராக நிமிர்த்தி, உடல் எடையை அதன் எலும்பில் நிறுத்தி, ஒரு மூச்சு விட்டுப் பிறகு அடுத்த அடி. ஒரு மூச்சுக்கு ஓர் அடி என்றால் ஓர் அடிதான். நமசிவாய என்று எழுத்துக்கு ஓர் அடியாக வைத்து ஏறும் அடியார்கள் உண்மையில் மிகச் சரியான வேகத்தில் ஏறுகிறார்கள். வாயைக் குவித்து ஊதி மூச்சை வெளியே விடுங்கள், உள்ளே வருவது தானே வரும். பேச்சு வேண்டாம். இளைப்பாற நின்றபடி கழியில் சாய்ந்தால் போதும், உட்கார்ந்தால் எழுவதற்கே பாதித் தெம்பு போய்விடும்.

மட்டக்குதிரை எடுத்தவர்களுக்கு: ஏறும்போது முன்னால் சாயுங்கள், இறங்கும்போது பின்னால் சாய்ந்து பாதத்தை முன்னே தள்ளுங்கள். அங்கவடியில் பாதத்தின் முன்பகுதி மட்டும் இருக்கட்டும். முழுப் பாதமும் நுழைந்திருந்தால் விழும்போது மாட்டி இழுபடும். பாதையில் நடக்கும்போது குதிரைகள் எதிரே வந்தால் மலைச் சுவர் பக்கம் ஒட்டி நில்லுங்கள். பள்ளத்துப் பக்கம் நின்றால் மூட்டை இடித்தே தள்ளிவிடும். திபெத் பக்கத்து இறக்கம் முதலில் செங்குத்து, பனி இருந்தால் வழுக்கும். அங்கே குதிரையை விட்டு இறங்கி, குதிகாலை ஊன்றி நடந்து வருவதே பாதுகாப்பு.

உச்சியில் ஆட்களை எண்ணிப் பட்டியல்படி ஒப்படைப்பு நடக்கும். திரும்பி வரும் குழு இருந்தால் அதே நேரத்தில் இந்தப் பக்கம் வரும். எல்லைக் காவலரையோ அவர்கள் கூடாரங்களையோ படம் எடுக்கக் கூடாது. பூஜை, கற்பூரம், ஆரத்தி எல்லாம் மானசரோவருக்கு வைத்துக்கொள்ளுங்கள். இங்கே அதிக நேரம் நிற்பது நல்லதல்ல.

கீழே பஸ் காத்திருக்கும். தக்லாகோட் சுமார் 3,900 மீட்டர், கணவாயைவிட ஆயிரம் மீட்டருக்கு மேல் தாழ்வு. அன்றிரவு பலருக்குத் தலைவலி விட்டுப்போகும். உச்சியைத் தொட்டுவிட்டுத் தாழ்வில் தூங்குவதால் கயிலை வலத்தில் வரும் 5,630 மீட்டர் டோல்மா கணவாய்க்கு உடம்பு இங்கேயே தயாராகிறது. ஊருக்குள் நுழையும் முன் விரல் ரேகை, பாஸ்போர்ட் சரிபார்ப்பு, மூட்டை எக்ஸ்ரே. இங்கே யுவான் மாற்றிக்கொள்ளுங்கள். சீன இணையத்தில் வாட்ஸ்அப்பும் கூகுளும் வேலை செய்யாது, கணவாய்க்கு முன்பே வீட்டில் சொல்லிவிடுங்கள். ஊரருகே தோயோ கிராமத்தில் 1841இல் போரில் மாண்ட டோக்ரா தளபதி சோராவர் சிங்கின் நினைவிடம் உண்டு. அனுமதி கிடைத்தால் பார்க்கலாம்.

வணிகர்களின் பாதை

யாத்திரிகர் ஒரு முறை கடந்து போவார். வியாஸ், சௌதான்ஸ், தார்மா பள்ளத்தாக்குகளின் ரங் மக்களுக்கு இது வாழ்வாதாரம். தானியம், வெல்லம், துணி மேலே போகும், உப்பு, கம்பளி, வெங்காரம் கீழே வரும். சுமை தூக்கியவை பெரும்பாலும் ஆடுகளும் செம்மறிகளும். முதுகின் இருபுறமும் தொங்கும் பையில் ஓர் ஆட்டுக்கு 10 கிலோ போல. புல் மேய்ந்துகொண்டே போவதால் தீனிச் செலவில்லை, ஆயிரம் ஆடு போனால் பத்து டன் சரக்கு.

1954 ஒப்பந்தம் இரு நாட்டு வணிகருக்கும் யாத்திரிகருக்கும் ஆறு கணவாய்களைக் குறித்தது, லிபுலேக் அதில் ஒன்று. 1962 போரோடு வழி அடைபட்டது. யாத்திரை 1981இல், வணிகம் 1992இல் மீண்டும் திறந்தது. பருவம் ஜூன் முதல் அக்டோபர் வரை. தார்ச்சுலா நிர்வாகம் தரும் வணிகச் சீட்டோடு, குஞ்சியில் சுங்கம் முடித்து, தக்லாகோட் சந்தையில் விற்க வேண்டும். பட்டியலில் உள்ள பொருள் மட்டுமே செல்லும்: வெல்லம், கற்கண்டு, டீத்தூள், புகையிலை, பாத்திரம் அங்கே போகும், கம்பளி, ஆட்டுத்தோல், உப்பு, யாக் வால் இங்கே வரும். நம் கோயில்களில் வீசும் வெண்சாமரம் இந்த யாக் வால் மயிரில் செய்யப்படுவதே.

2020இல் வணிகம் நின்றபோது பல வியாபாரிகளின் சரக்கு தக்லாகோட் கிடங்குகளிலேயே மாட்டிக்கொண்டது. 2025 ஆகஸ்டில் லிபுலேக், ஷிப்கி லா, நாதுலா மூன்றிலும் எல்லை வணிகத்தை மீண்டும் தொடங்க இரு நாடுகளும் ஒப்புக்கொண்டன. யாத்திரைச் சீட்டில் போகிறவர்கள் விற்பனைச் சரக்கு எதுவும் எடுத்துப் போகக் கூடாது. ஊருக்குச் சில கம்பளங்கள் வாங்குவதோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

குலுக்கலில் பெயர் வராதவர்களுக்கு

தார்ச்சுலாவில் மருத்துவச் சான்றும் அடையாள ஆவணமும் கொடுத்து எல்லையோரப் பகுதிக்குள் நுழைவதற்கான உள்கோட்டு அனுமதிச் சீட்டு வாங்கினால் குஞ்சி, இந்தியப் பக்கத்திலேயே உள்ள ஆதி கயிலை மலை, நாபிதாங் வரை இந்தியக் குடிமக்கள் போகலாம். மே, ஜூன் முதல் பாதி, பிறகு செப்டம்பர் நடுவிலிருந்து அக்டோபர் வரை நல்ல காலம். 2024 அக்டோபரில் பழைய லிபுலேக் சிகரப் பகுதியில் இந்திய மண்ணிலிருந்தே கயிலையைக் காணும் பயணத்தையும் உத்தராகண்ட் தொடங்கியது. ஹெலிகாப்டரில் நேரே குஞ்சியில் இறங்கும் ஏற்பாடு என்பதால் உடம்பு பழக இன்னும் குறைந்த அவகாசமே கிடைக்கிறது. ஆகவே அறிகுறி ஏதும் இருந்தால் மறுநாள் மேலே ஏறாமல் இருந்துவிடுங்கள்.

திரும்பிய பிறகு

தமிழ்நாட்டைச் சேர்ந்தவர்கள் மானசரோவர் யாத்திரை முடித்து வந்தால் இந்து சமய அறநிலையத் துறை மானியம் தருகிறது. அண்மை ஆண்டுகளில் தலா 50,000 ரூபாய். பாஸ்போர்ட் பக்கங்கள், பணம் கட்டிய ரசீதுகள், யாத்திரை முடித்த சான்று மூன்றையும் டெல்லியிலேயே நகலெடுத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலானோர் ரசீதுகளை மூட்டைக்குள் போட்டு நனைய விட்டுவிடுகிறார்கள். அவற்றைப் பாஸ்போர்ட்டோடு ஒரே உறையில், கழுத்துப் பையில் வைத்திருங்கள்.